நாய்ப் பயிற்சியில் கிளிக்கர்: ஒரு வரலாறு

கிளிக்கர் என்பது உள்ளங்கையில் அடங்கும் சிறிய பெட்டி. அழுத்தினால் உள்ளிருக்கும் உலோகத் தகடு வளைந்து 'டிக்' என்று ஒலிக்கும். நாய் சரியான செயலைச் செய்யும் அதே நொடியில் இவ்வொலியை எழுப்பி, உடனே ஒரு துண்டுத் தீனி கொடுத்துப் பழக்குவதே கிளிக்கர் பயிற்சி. 1940களிலேயே உருவான இம்முறை, சாதாரண நாய் வளர்ப்போரிடம் பரவலாகச் சென்றது 1990களில்தான். இந்தத் தாமதம் கவனிக்கத்தக்கது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நாய்ப் பயிற்சி பெரும்பாலும் காவல்துறை, இராணுவம் சார்ந்ததாக இருந்தது. ஜெர்மனியின் கொன்ராட் மோஸ்ட் 1910இல் வெளியிட்ட நூல் இத்துறையில் பெருஞ்செல்வாக்குப் பெற்றது. கழுத்துப்பட்டையை வெடுக்கென்று இழுத்துத் திருத்துவது இம்மரபின் முக்கியக் கருவி. அது வீட்டு நாய்களுக்கும் வந்தது.

இரண்டாம் உலகப் போரின்போது உளவியலாளர் பி. எஃப். ஸ்கின்னர், ஏவுகணைகளை இலக்கு நோக்கிச் செலுத்தப் புறாக்களைப் பழக்கும் ஆய்வில் ஈடுபட்டார். மினியாபோலிஸ் நகரின் ஒரு மாவு ஆலையில் அவ்வேலை நடந்தது. புறாக்கள் போருக்குப் போகவில்லை. ஆனால், விரும்பும் செயலை நெருங்கும் ஒவ்வொரு சிறு அசைவுக்கும் பரிசளித்து, புதிய நடத்தையைப் படிப்படியாக உருவாக்கலாம் என்பது அங்கே தெளிவானது. அவருடைய மாணவர்களான கெல்லர் பிரேலண்ட், மரியன் பிரேலண்ட் தம்பதியர் பல்கலைக்கழகத்தை விட்டு விலகி, இதையே தொழிலாக்கினர். எட்ட நிற்கும் விலங்குக்குத் தீனி போய்ச் சேர்வதற்குள் அது வேறொன்றைச் செய்துவிடும். அந்த இடைவெளியை ஒலி நிரப்பியது. ஸ்கின்னரும் 1951இல் எழுதிய கட்டுரையொன்றில், குழந்தைகளின் 'டிக் டிக்' பொம்மையைக் கொண்டு நாயைப் பழக்கும் வழியை விளக்கினார்.

நாய் வளர்ப்போர் இதைப் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. கையில் கயிறு இருப்பவருக்கு வேறு வழி தேடும் கட்டாயம் இல்லை என்பதே காரணமாக இருக்கலாம்.

டால்பினுக்குக் கயிறு கட்ட முடியாது. அதட்டினால் நீந்திப் போய்விடும். ஆகவே கடல்வாழ் விலங்குப் பயிற்சியாளர்கள் விசிலையும் மீனையும் மட்டுமே நம்பினர். 1960களில் ஹவாயின் சீ லைஃப் பார்க்கில் டால்பின்களைப் பழக்கிய கேரன் பிரையர், 1984இல் வெளியிட்ட 'டோன்ட் ஷூட் தி டாக்!' நூலில் இக்கொள்கைகளைப் பொதுவாசகருக்கு விளக்கினார். நாய்ப் பயிற்சி நூலாகவே அது எழுதப்படவில்லை. ஆயினும் நாய்ப் பயிற்சியாளர்களே அதை விரும்பி ஏற்றனர். 1992இல் கேரி வில்க்ஸுடன் சேர்ந்து சான்பிரான்சிஸ்கோவில் அவர் நடத்திய கருத்தரங்குக்குப் பிறகு கிளிக்கர் வேகமாகப் பரவியது.

விருந்தினர் மீது தாவும் நாயை எடுத்துக்கொள்வோம். பழைய முறை தாவலைத் தண்டிக்கும். கிளிக்கர் முறையில் தாவலைப் பொருட்படுத்தாமல், நான்கு கால்களும் தரையில் இருக்கும் நொடியில் ஒலியெழுப்பித் தீனி தரப்படும். பின்னர் உட்காரும்போது மட்டும் ஒலி. பழக்கம் படிந்த பிறகு கருவி தேவையில்லை. ஒலி ஒரு நொடி பிந்தினாலும் நாய் வேறு செயலைக் கற்றுக்கொள்ளும் என்பதே இதில் பெரிய சிக்கல்.

இம்முறைக்கு எல்லைகளும் உண்டு. அவற்றை எழுதியவர்கள் பிரேலண்ட் தம்பதியரே. மரக் காசுகளை உண்டியலில் போடப் பழக்கிய பன்றி, நாளடைவில் அவற்றைத் தரையில் போட்டு மூக்கால் கிளறத் தொடங்கியது. ரக்கூன் காசுகளை ஒன்றோடொன்று தேய்த்துக்கொண்டே இருந்தது. பரிசு தாமதமானபோதும் இரண்டும் மாறவில்லை. இனத்தின் இயல்பூக்கம் கற்ற பழக்கத்தை மீறி வெளிப்படும் என்று 1961இல் அவர்கள் பதிவுசெய்தனர்.