கேக்குதா மாப்ள? - ஆன்லைன் கேமில் குரல் வந்த கதை

சனிக்கிழமை ராத்திரி பத்து மணி ஆனா போதும், என் ரூம்ல ஒரே பல்லவிதான். "கேக்குதா?" "நீ பேசுறது கேக்குது, நான் பேசுறது கேக்குதா?" எதிரி துப்பாக்கியோட வாசல்ல வந்து நிப்பான். நாங்க நாலு பேரும் கேக்குதா கேக்குதான்னு கேட்டுக்கிட்டே செத்துப் போயிருப்போம். கேம்லதான், பயப்படாதீங்க :-)

நாங்க நாலு பேரும் நெய்வேலி நகரியத்துல ஒரே வட்டத்துல வளர்ந்தவங்க. நெய்வேலி தெரியாதவங்களுக்கு ஒரு சின்ன விளக்கம். 1956-ல் நிலக்கரி நிறுவனம் ஆரம்பிச்சு, சுரங்கமும் அனல்மின் நிலையமும் வந்து, அதுல வேலை பார்க்கிறவங்களுக்காகக் கட்டின ஊர் இது. வட்டம் வட்டமாப் பிரிச்சு, மரம் வச்சு, அகலமா ரோடு போட்டு, அம்சமா இருக்கும். ஒரே ஒரு சிக்கல். வீடு நிறுவனத்தோடது. அப்பா ரிடையர் ஆனா க்வார்ட்டர்ஸைக் காலி பண்ணிடணும். நாம சைக்கிள் ஓட்டக் கத்துக்கிட்ட தெருவுல அப்புறம் வேற யாரோ இருப்பாங்க. பொங்கலுக்கு ஊருக்குப் போகலாம்னா, போய் நிக்க வாசல் கிடையாது.

எங்கள்ல மூணு வீடு காலியாகிடுச்சு. ஒருத்தன் கோவை, ஒருத்தன் துபாய், நான் சென்னை. நாலாமவன் வீடு மட்டும் இன்னும் அங்க இருக்கு. அவங்க அப்பாவுக்கும் சர்வீஸ் முடியப் போகுது. ஆக, பள்ளிக்கூடம் விட்டு வந்து நின்னு பேசின அந்தத் தெருமுனைக்குப் பதிலா எங்களுக்கு மிச்சம் இருக்கிறது இந்த வாய்ஸ் சாட்தான். அதுவும் கரகரன்னா கோவம் வருமா வராதா?

பொட்டி தட்டுறவன் நான் ஒருத்தன்தாங்கறதால மைக் ரிப்பேர் டிபார்ட்மென்ட் என் தலையில விழுந்துச்சு. ஆரம்பத்துல எல்லாரும் செய்றதைத்தான் நானும் செஞ்சேன். ரீஸ்டார்ட், அன்இன்ஸ்டால், மறுபடி இன்ஸ்டால், சாமி கும்பிடு. பலிக்கல. அப்புறம்தான் உக்காந்து படிச்சேன். படிச்சதுல ஒண்ணு புரிஞ்சது. வாய்ஸ் சாட்ல வர்ற கோளாறு எதுவும் புதுசு இல்லை. ஒவ்வொண்ணுக்கும் ஒரு வயசு இருக்கு. நம்ம கோளாறு எந்தக் காலத்துதுன்னு தெரிஞ்சா பாதி வேலை முடிஞ்ச மாதிரி.

குழாய் சின்னது, குரல் பெருசு

டெலிபோன் தரத்துல குரலை எண்களா மாத்தணும்னா ஒரு நொடிக்கு 8000 மாதிரிகள், மாதிரிக்கு 8 பிட். ஆக, நொடிக்கு 64 கிலோபிட். நம்ம ஊர்ல பொதுமக்களுக்கு இன்டர்நெட் வந்தது 1995 ஆகஸ்ட் 15. அதுக்கப்புறம் வந்த நல்ல டயல்-அப் மோடமே அதிகபட்சம் 56 கிலோபிட்தான். குரல் மட்டுமே அதுல போகாது. கூடவே கேமும் ஓடணும்னா?

இதுக்கான விடை ரொம்ப முன்னாடியே வந்தாச்சு. குரலை அப்படியே அனுப்பாதே, குரல் உண்டாகிற விதத்தை அனுப்பு என்பதுதான் அது. தொண்டையும் வாயும் ஒரு குழாய் மாதிரி. அந்தக் குழாயின் வடிவம் சட்டுசட்டுனு மாறாது. அதனால அடுத்த ஒலி எப்படி இருக்கும்னு முந்தின ஒலிகளை வச்சே ஓரளவு கணிக்கலாம். கணிப்புக்கான எண்களையும், கணிப்பு எவ்வளவு தப்பிச்சதுங்கறதையும் அனுப்பினா போதும். 1960-களின் நடுவுல ஜப்பானில் இடகுரா, சைட்டோ இருவரும், அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் பிஷ்ணு அடல், மான்ஃபிரட் ஷ்ரோடர் இருவரும் தனித்தனியாக இதைச் செஞ்சாங்க. அடல் கான்பூரில் பிறந்து, பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தில் படிச்சவர்.

1974-லேயே ஆர்பாநெட் வழியா நேரடிப் பேச்சு போயிடுச்சு. ஆகஸ்ட்ல நொடிக்கு 16 கிலோபிட்ல சிவிஎஸ்டி என்ற எளிய முறை. டிசம்பர்ல மேலே சொன்ன கணிப்பு முறை, வெறும் 3.5 கிலோபிட். 1985-ல் ஷ்ரோடரும் அடலும் செல்ப் என்று இன்னொரு படி மேலே போனாங்க. ஒரு நொடிப் பேச்சைச் சுருக்க அன்னிக்கு க்ரே-1 சூப்பர் கம்ப்யூட்டருக்கே 150 நொடி ஆச்சாம். இன்னிக்கு உங்க பாக்கெட்டுல இருக்கிற போன் அந்த வம்சத்து வேலையைச் சத்தமில்லாம செய்யுது. டிஸ்கார்டு உட்பட பலதும் பயன்படுத்துற ஓபஸ் 2012-ல் தரநிலையாச்சு. நொடிக்கு 6 கிலோபிட்லயும் பேச வைக்கும்.

அப்போ இன்னிக்கு ஏன் சிலர் குரல் கிணத்துக்குள்ள இருந்து வர்ற மாதிரி இருக்கு? பெரும்பாலும் குற்றவாளி புளூடூத் ஹெட்செட். பாட்டு கேக்கும்போது ஒரு வழி, மைக் ஆன் ஆனதும் வேற வழி. அந்த ரெண்டாவது வழியின் பழைய முறை எது தெரியுமா? அதே சிவிஎஸ்டி! 1974 ஆகஸ்ட்ல ஆர்பாநெட்ல போன குரலோட பங்காளி. கோவைக்காரனுக்கு இதுதான் வியாதி. ஹெட்செட்டை கேக்கிறதுக்கு மட்டும் வச்சுக்கிட்டு, மைக்குக்கு லேப்டாப்போடதைத் தேர்ந்தெடுக்கச் சொன்னேன். ரெண்டே நிமிஷம். ரெண்டு மாசமா திட்டிக்கிட்டு இருந்தது இன்டர்நெட்டை.

லேட்டா வந்த சொல் வராத சொல்

டிசம்பர் 1974 பரிசோதனைகளின் பின்னணியில் இருந்த டேனி கோஹென் என்பவர் முக்கியமான ஒரு விஷயத்துக்காக வாதாடினார். அப்போதைய டிசிபி, தொலைஞ்ச பொட்டலத்தைத் திரும்பக் கேட்டு வாங்கி வரிசையா அடுக்கித்தான் கொடுக்கும். கடிதத்துக்கு அது சரி. பேச்சுக்கு? "சுடு"ன்னு சொன்னது ரெண்டு நொடி கழிச்சு பத்திரமா வந்து சேர்ந்து என்ன புண்ணியம்? பேச்சுல தொலைஞ்சது தொலைஞ்சதா இருக்கட்டும், அடுத்ததைக் கொடு என்பதுதான் வேணும். இந்த மாதிரி வாதங்களின் பலனா 1978-ல் டிசிபியில் இருந்து ஐபி தனியாப் பிரிஞ்சது. 1980-ல் யூடிபி வந்தது. இன்னிக்கும் கேம்ல குரல் போறது பெரும்பாலும் யூடிபி மேலதான்.

பொட்டலங்கள் சீரா வராது. நாலு சேர்ந்தாப்ல வரும், அப்புறம் ஒரு இடைவெளி. நெய்வேலிக்காரனுக்கு இதை விளக்குறது சுலபம். சுரங்கத்துல இயந்திரம் வெட்டும், நிக்கும், மறுபடி வெட்டும். ஆனா பாய்லருக்கு நிலக்கரி ஒரே சீராப் போகணும். அதனால நடுவுல ஒரு பங்கர் வச்சு அதுல சேமிச்சு அனுப்புவாங்க. குரலுக்கும் அப்படி ஒரு பங்கர் உண்டு, ஜிட்டர் பஃபர்னு பேரு. பெருசா வச்சா குரல் தாமதமாகும். சின்னதா வச்சா காலியாகி, குரல் ரோபோ மாதிரி உடையும்.

ஆக, குரல் உடைஞ்சா மைக்கைக் குறை சொல்லாதீங்க, வரத்தைப் பாருங்க. 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபைல பக்கத்து வீட்டு ரவுட்டரும் மைக்ரோவேவ் அடுப்பும் சேர்ந்து கும்மியடிக்கும். 5-க்கு மாறுங்க. முடிஞ்சா கேபிள் போடுங்க. வேகம் 100 மெகாபிட் இருக்கேங்கறது பதில் இல்லை. குரலுக்கு வேண்டியது வேகம் இல்ல, சீர்.

நான் சொன்னதே எனக்குத் திரும்பி வருது

இது நாலாமவன் வீட்டுக் கதை. அவன் சேர்ந்தாலே எங்க மூணு பேருக்கும் எங்க குரலே திரும்பக் கேக்கும். அவன் மட்டும் "எனக்கு ஒண்ணும் இல்லையே, கிளியரா இருக்கே"ம்பான். உண்மைதான், அவனுக்குக் கேக்காது. எக்கோவின் முதல் விதி இது: உங்க குரல் உங்களுக்கே வந்தா தப்பு உங்க பக்கம் இல்லை. யாருக்குக் கேக்கலையோ அவர் பக்கம்.

1965-ல் ஏர்லி பேர்டு செயற்கைக்கோள் வழியா தொலைபேசிப் பேச்சு ஆரம்பிச்சப்போ இதே தலைவலி. 36,000 கிலோமீட்டர் ஏறி இறங்கி, எதிர்முனையில பட்டுத் திரும்பி வர ஏறக்குறைய அரை நொடி. தன் குரலையே கேட்டுக்கிட்டு மனுஷன் பேச முடியாது. அதுவரை இருந்த வழி, ஒருத்தர் பேசும்போது இன்னொருத்தர் வாயை அடைக்கிறது. பெல் ஆய்வகத்துல இதுக்கு வேற வழி தேடினவங்கள்ல மன்மோகன் சோந்தி ஒருத்தர். 1967-ல் அவருடைய கட்டுரை வெளியானது. ஸ்பீக்கருக்கு எது போகுதுன்னு நமக்குத் தெரியும். அது அந்த அறையில சுத்தி மைக்குக்கு எப்படி வரும்னு ஒரு கணிப்பு போடு. மைக்ல வந்ததுல இருந்து அதைக் கழி. மிச்சம் இருந்தா கணிப்பைத் திருத்து. இதையே விடாம செய். சோந்தியும் 1950-களில் அடல் மாதிரியே பெங்களூரு அறிவியல் கழகத்தில் படிச்சவர்தான்.

விடாம என்பதுதான் இதுல முக்கியம். எங்க ஊர் சுரங்கத்துல நிலத்தடி நீரை ராப்பகலா இறைச்சுக்கிட்டே இருக்கணும். நிறுத்தினா கீழே இருக்கிற ஊற்று அழுத்தம் தரையைப் பிளந்துக்கிட்டு வந்துடும். எக்கோ கழித்தலும் அதே மாதிரி ஓயாத வேலை. ஸ்பீக்கரை முழுசா வச்சா, குரல் சிதறிப்போய் கணிப்பு தோத்துப் போகும். நாலாமவன் டிவி ஸ்பீக்கர்ல கேட்டுக்கிட்டு இருந்திருக்கான். அம்மா கூப்பிட்டா கேக்கணுமாம், அதனால ஹெட்செட் போடலையாம். ஒரு காதுல மட்டும் ஒயர் இயர்போன் போடுடான்னேன். தீர்ந்தது.

அவனுக்குக் கேக்குது, எனக்குக் கேக்கல

ஐபிவி4 முகவரிகள் மொத்தமே சுமார் 429 கோடி. பத்தாதுன்னு 1994-லேயே நாட் என்ற ஏற்பாடு வந்துச்சு. ஆபீஸ் எக்ஸ்டென்ஷன் மாதிரி. உள்ளேருந்து வெளிய பேசலாம், வெளியிலேருந்து வர்ற காலுக்கு உள்ள எந்த மேஜைன்னு தெரியாது. 2011 பிப்ரவரி 3-ல் உலகப் பொதுக் கையிருப்பும் தீர்ந்தது. அப்புறம் வீட்டு ரவுட்டருக்கு மேலே, சேவை தரும் நிறுவனமே இன்னொரு நாட் போட ஆரம்பிச்சது. ரெண்டு போர்டு தாண்டணும். ஒருபக்கக் குரலுக்கு இது ஒரு பழைய காரணம். "வெளியிலேருந்து பார்த்தா நான் எப்படித் தெரியறேன்?"னு கேக்கிற ஸ்டன் 2003-ல் வந்தது. அதுவும் முடியலைன்னா நடுவுல ஒரு ஆளை வச்சு இரண்டு பக்கமும் கடத்துவாங்க.

கேம் குரலும் அந்த வழிக்குத்தான் வந்து சேர்ந்தது. 1999-ல் ரோஜர் வில்கோ, 2002 நவம்பரில் ஹெட்செட்டோட வந்த எக்ஸ்பாக்ஸ் லைவ், 2015-ல் டிஸ்கார்டு. டிஸ்கார்டுல எல்லாரும் நடு சர்வரோடதான் பேசுறோம். அதனால வீட்டுல சரியா இருந்து ஆபீஸ், ஹாஸ்டல் நெட்வொர்க்ல மட்டும் "கனெக்டிங்"னே நின்னா, அங்க யூடிபியை அடைச்சு வச்சிருக்காங்கன்னு சந்தேகப்படுங்க. போன் டேட்டால முயற்சி பண்ணா அஞ்சு நிமிஷத்துல உறுதியாயிடும்.

ரிப்பேர் பண்ண முடியாதது

துபாய்க்காரன் போன புதுசுல மூணு வாரம் போராடினேன். டெக்ஸ்ட் வருது, குரல் இல்லை. மைக் மாத்தினான், ஹெட்செட் வாங்கினான், ரவுட்டரைக் கழட்டி மாட்டினான். கடைசியில பார்த்தா கோளாறே இல்லை, சட்டம். அமீரகத்துல உரிமம் பெறாத இணையக் குரல் சேவைகளுக்கு அனுமதி கிடையாது.

முதல்ல சிரிப்பா இருந்துச்சு. அப்புறம் பார்த்தா நம்ம கதையும் அதேதான். இந்தியாவுல இணையத் தொலைபேசிக்கு அனுமதி கிடைச்சதே 2002 ஏப்ரல் 1-லிருந்துதான். அதுவரை வெளிநாட்டுல இருக்கிற மகனோட பேசணும்னா ஐஎஸ்டி பூத்துல மீட்டரைப் பார்த்துக்கிட்டே பேசணும். 2020 செப்டம்பர் 2-ல் பப்ஜி மொபைல் தடையானப்போ எங்களுக்கு கேம் போனது பெருசாத் தெரியல, அதுக்குள்ள இருந்த பேச்சு போனதுதான் தெரிஞ்சது. 2021 ஜூலையில் அது வேற பேர்ல வர்றதுக்குள்ள நாங்க டிஸ்கார்டுக்கு வந்துட்டோம். அப்போ துபாய்க்காரனும் இங்கதான் இருந்தான்.

இப்போ அவன் சனிக்கிழமை சாட்டுக்கு வர்றதில்லை. ஞாயித்துக்கிழமை காலையில வாட்ஸ்அப்ல வாய்ஸ் மெசேஜ் அனுப்புவான். அது கால் இல்லை, ஃபைல். அதனால வருது. மூணு நிமிஷம், நாலு நிமிஷம், ஒரு சொல்லும் உடையாம முழுசா வரும், ஒரு நாள் லேட்டா. கோஹென் வேண்டாம்னு சொன்ன டிசிபி வழி!

போன வாரம் அனுப்பினதுல, நாலாமவன் வீட்டைக் காலி பண்றதுக்கு முன்னாடி தெருவுல நின்னு ஒரு ரெண்டு நிமிஷம் சும்மா ரெக்கார்டு பண்ணி அனுப்பச் சொல்லியிருக்கான். பேச வேணாமாம், தெரு சத்தம் மட்டும் போதுமாம். நாலாமவன் கிட்ட சொல்லிட்டேன். நாய்ஸ் சப்ரஷனை மறக்காம ஆஃப் பண்ணுடான்னும் சொன்னேன்.