அத்தோவும் லாப்பும்: கடல் கடந்து வந்த உணவின் வரலாறு

வடசென்னையின் தள்ளுவண்டிக் கடைகளில் மாலை வேளையில் விற்கப்படும் அத்தோவை நாம் அனைவரும் அறிவோம். வேகவைத்த நூடுல்ஸுடன் நறுக்கிய முட்டைக்கோஸ், பொரித்த வெங்காயம், புளிக்கரைசல், மிளகாய்த்தூள் சேர்த்துக் கையால் பிசைந்து, வாழைத்தண்டு மொய்ங்கா சூப்புடன் தருவார்கள். பர்மிய மொழியில் ‘அதோக்’ என்றால் கலந்து பிசைந்தது என்று பொருள். அது இங்கு வந்த கதை, நம் சமுதாயமும் பங்குகொண்ட ஒரு பெரும் இடப்பெயர்வின் கதையாகும்.

1852-ல் கீழ்ப்பர்மா ஆங்கிலேயர் வசமானபின், நெல் வணிகம் பெருகியது. சென்னை, நாகப்பட்டினம் துறைமுகங்களிலிருந்து தமிழர்கள் பெருந்திரளாக ரங்கூனுக்குக் கப்பலேறினர். அவர்களுள் தமிழ் முஸ்லிம் வணிகர்களும் இருந்தனர். அங்கே அவர்கள் ‘சூலியா’ என்று அழைக்கப்பட்டனர். அப்பெயரைத் தாங்கிய பள்ளிவாசல் இன்றும் ரங்கூனில் உள்ளது.

1942-ல் ஜப்பானியப் படை ரங்கூனைக் கைப்பற்றியபோது, இலட்சக்கணக்கான இந்தியர்கள் பர்மாவை விட்டு வெளியேறினர். பலர் காடும் மலையும் கடந்து நடந்தே வந்தனர். எஞ்சியோருக்கும், போருக்குப்பின் திரும்பிச் சென்றோருக்கும் அடுத்த இடி 1962-ல் நே வின் ஆட்சியைப் பிடித்தபோது விழுந்தது. 1964-ல் கடைகள் அரசுடைமையாயின. 50, 100 கியாத் நோட்டுகள் செல்லாதவையாயின. தலைமுறைகளாகச் சேர்த்ததை அங்கேயே விட்டு, சென்னைத் துறைமுகத்தில் வந்திறங்கியோர் பலர். எண்ணூரின் பர்மா நகர், வியாசர்பாடியின் குடியிருப்புகள், 1969-ல் துறைமுகத்தருகே உருவான பர்மா பஜார் ஆகியவை அவர்களின் மறுவாழ்வுச் சுவடுகள்.

அவர்களோடு வந்த உணவு, இங்கே மாற்றமும் கண்டது. பர்மாவில் மீனைக் கரைத்துச் செய்யும் மொய்ங்கா, இங்குள்ள பெரும்பாலான வண்டிகளில் மீனில்லாத வாழைத்தண்டுச் சாறாயிற்று. கிடைத்ததைக் கொண்டு சமைத்து, பிழைப்பையும் தேடிக்கொண்டார்கள்.

பர்மாவுக்குக் கிழக்கே மேகோங் ஆற்றின் அக்கரையில் லாவோஸ் நாடு உள்ளது. அந்நாட்டின் ‘லாப்’, அத்தோவுக்கு நெருங்கிய உறவு. கொத்திய இறைச்சியில் புளிப்பும் காரமும் பச்சிலைகளும் பிசைந்து, கீரை இலைகளோடு உண்பார்கள். பர்மியப் பிசைவுகளில் வறுத்த கடலை மாவு செய்யும் வேலையை, லாப்பில் வறுத்த அரிசிப்பொடி செய்கிறது: சாற்றை உறிஞ்சி, மணம் தருகிறது.

அங்கே சிலர் பச்சை இறைச்சியுடன் இரத்தமும் பித்தநீரும் சேர்ப்பதுண்டு. ஓடும் இரத்தம் நமக்கு ஹராம். எனவே நம் வீட்டு லாப் நன்கு வெந்ததாகவே இருக்க வேண்டும். மீன் சாஸ், நெத்திலி போன்ற மீனை உப்பிலிட்டு நொதிக்க வைத்த சாறு. புட்டியில் வேறென்ன சேர்ந்துள்ளது என்பதைப் படித்துப் பார்த்து வாங்குவது நலம்.

செய்முறை எளிது. இரண்டு மேசைக்கரண்டி பச்சரிசியைப் பொன்னிறமாக வறுத்து, கொரகொரப்பாகப் பொடிக்கவும். அரைக் கிலோ ஹலால் மாட்டுக் கைமாவைச் சிறிது நீர் தெளித்து, முழுதும் வேகும்வரை கிளறி இறக்கவும். சூடு சற்றுத் தணிந்ததும் இரண்டு எலுமிச்சையின் சாறு, ஒன்றரை மேசைக்கரண்டி மீன் சாஸ், மிளகாய்த்தூள், அரிசிப்பொடி, மெல்லிதாக நறுக்கிய சின்ன வெங்காயம், கைநிறையப் புதினா, கொத்தமல்லி சேர்த்துப் பிசையவும். லெட்யூஸ் இலையில் வைத்து மடித்து உண்ணலாம். அது கிடைக்காவிடில் முட்டைக்கோஸின் இளம் உள்ளிலை போதும்.

அயல்நாட்டு உணவு நமக்கெதற்கு என்று கேட்போருண்டு. தமக்குப் பழக்கமில்லாத உடும்புக் கறியை நபி (ஸல்) அவர்கள் உண்ணவில்லை. ஆயினும் காலித் பின் வலீத் (ரலி) அவர்கள் உண்டதைத் தடுக்கவுமில்லை. பழக்கமின்மை வேறு, விலக்கப்பட்டது வேறு.

1964-ல் பத்து வயதில் கப்பலேறிய பிள்ளைக்கு இன்று எழுபதைக் கடந்துவிட்டது. அவ்வயதினர் நம் வீட்டிலோ மஹல்லாவிலோ இருந்தால், அவர்களையும் இந்த விருந்துக்கு அழைப்போம். ரங்கூனில் எந்தத் தெருவில் வாழ்ந்தார்கள், எந்தக் கப்பலில் வந்தார்கள், முதல் நோன்புப் பெருநாளை இங்கே எப்படிக் கழித்தார்கள் என்று கேட்டு எழுதி வைப்போம். பள்ளிப் பாடநூலில் கிடைக்காத இவ்வரலாற்றை நம் பிள்ளைகள் அவர்கள் வாயிலாகவே அறிய முடியும், இன்ஷா அல்லாஹ்.