வக்கீலய்யா

சிவகாசின்னா வெளியூர்க்காரங்களுக்குப் பட்டாசு. ஆனைக்குட்டம் பக்கத்துல இருக்குற எங்களுக்கு 1899ம் ஞாபகம் வரும். நாடார்கள் கோயிலுக்குள்ள போகலாமா கூடாதாங்குற தகராறுதான் அந்த வருஷக் கலவரத்துக்கு மூலம். கமுதிக் கோயில் வழக்கும் அதே தகராறுதான். அது கோர்ட்டு கோர்ட்டா ஏறி, லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போச்சு. 1908இல் அங்கேயும் தோல்வி.

மதுரை வக்கீல் அ. வைத்தியநாத ஐயருக்கு இந்தத் தீர்ப்பு தெரியாம இருந்திருக்குமா? ஆனாலும் 1939 ஜூலை 8 அன்னைக்கு, மேலூர் கக்கன் உட்பட தாழ்த்தப்பட்டோர் ஐந்து பேரைக் கூட்டிக்கிட்டு மீனாட்சியம்மன் கோயிலுக்குள்ள போனார். கூடவே போன ஆறாவது ஆள் எங்க விருதுநகர்க்காரர், நகராட்சி உறுப்பினர் எஸ். எஸ். சண்முக நாடார். மதுரைக் கதை சொல்றவங்க அவரை விட்டுடுறாங்க, அதனாலதான் இதை எழுதுறேன்.

கோயில் நிர்வாக அதிகாரி ஆர். எஸ். நாயுடு துணை நின்னார். பட்டர்கள் சிலர் பூசைக்கு வர மறுத்தாங்க. போனவங்க மேல வழக்கு பாயும்ங்குற நிலைமை. அப்போ சென்னை மாகாணப் பிரதமர் ராஜாஜி, அவரும் சேலத்து வக்கீல்தான். நடந்து முடிஞ்ச நுழைவுக்கும் சேர்த்துப் பாதுகாப்புக் கொடுத்து, அவசரச் சட்டம் கொண்டு வந்தார். கால் முதல்ல உள்ளே போச்சு, சட்டம் பின்னால வந்தது.

1946இல் ஐயர் மேலூரிலிருந்து சட்டசபைக்குப் போனார். 1955இல் காலமானார். ரெண்டு வருஷம் கழிச்சு, விருதுநகர்க் காமராஜர் மந்திரிசபையில கக்கன் அமைச்சரானார்.