எண்: எண்ணிக்கையும் எண்ணமும்

'எண்' என்னும் வேர் தமிழில் தொகையிடுதலையும் குறிக்கும். மனத்தின் தொழிலாகிய சிந்தித்தலையும் குறிக்கும். இவ்விரண்டும் ஒரு சொல்லின் இரு பொருள்களா, அன்றி ஒலியால் ஒத்த இரு சொற்களா என்பது மெய்யியல் நூல்களை மொழிபெயர்ப்போர் தெளிந்துகொள்ள வேண்டிய வினாவாகும்.

திருக்குறளின் கல்வி அதிகாரம் (40) எண்ணை எழுத்தோடு இணைத்துக் கணக்கென்னும் பொருளில் ஆள்கிறது. தெரிந்துசெயல்வகையில் (47) இவ்வேரே செயலுக்கு முற்பட்ட ஆராய்ச்சியைச் சுட்டுகிறது. அவ்வதிகாரம் அழிவையும் ஆக்கத்தையும் பின்வரும் ஊதியத்தையும் சீர்தூக்குவதில் தொடங்குவது நோக்கத்தக்கது. அங்கு எண்ணுதல் என்பது மனத்தில் வந்துபோகும் நினைவன்று; வரவும் இழப்பும் பார்த்துத் துணியும் கணிப்பு.

மணிமேகலையும் இதற்கு அரண் செய்கிறது. அதன் 27ஆம் காதை பல்சமயவாதிகளைச் 'சமயக்கணக்கர்' எனச் சுட்டுகிறது. அறிதற்குரிய வழிகளாகிய பிரமாணங்களை 'அளவை' என்கிறது. கணக்கிடுதல், அளத்தல் ஆகிய தொழிற்சொற்கள் அறிவுத்துறைக் கலைச்சொற்களாக உயர்ந்தமைக்கு இவை சான்றுகளாம்.

இனமொழிகளிலும் இந்நிலை காணப்படுகிறது. மலையாள 'எண்ணுக', கன்னட 'எணிசு', தெலுங்கு 'எஞ்சு' ஆகியன எண்ணுதல், கருதுதல் எனும் இரு பொருளும் உடையன. பரோவும் எமனோவும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதி (1961, இரண்டாம் பதிப்பு 1984) இவற்றை ஒரே பதிவில் வைக்கிறது. எனவே இவ்விருபொருண்மை தமிழில் மட்டும் பின்னர்த் தோன்றியதன்று, தொன்மையானது எனக் கொள்வதே பொருத்தமுடைத்து. வடமொழியில் எண்ணைக் குறிக்கும் 'சங்கியா'வினின்று 'சாங்கியம்' பிறந்ததும், இலத்தீன் 'ராத்தியோ' கணக்கையும் பகுத்தறிவையும் ஒருங்கே குறித்ததும் ஒப்பிடத்தக்கன. இவை கடன் உறவால் வந்தன அல்ல. பொருள் விரிந்த நெறியால் ஒத்தன.

ஆயினும் வேர் ஒன்றாயினும் வழக்கு ஒன்றாவதில்லை. தமிழும் கன்னடமும் அருகருகே வழங்கும் பெங்களூருவில் இதனை எளிதிற் காணலாம். தமிழில் 'வாக்கு எண்ணிக்கை' எனப்படுவது கன்னடத்தில் 'மத எணிகெ'. ஆனால் தமிழின் 'எண்ணம்' என்பதற்கு நேராக அங்கு இயல்பாக வருவன 'யோசனெ', 'ஆலோசனெ' என்பனவே. இன்றைய கன்னட வழக்கில் 'எணிகெ' பெரிதும் தொகையிடுதலின்பாற்பட்டது. வேர் ஒற்றுமையை நம்பி ஒன்றை மற்றொன்றால் பெயர்ப்பின் பொருள் பிறழும்.

தமிழினுள்ளும் 'நினைவு' மீட்டறிதலையும், 'கருத்து' கொள்கையையும் தழுவி நிற்க, 'எண்ணுதல்' பழநூல்களில் சீர்தூக்கித் துணிதலைச் சுட்டும் இடங்கள் உள. அவ்விடங்களில் சிந்தித்தல் எனப் பொதுப்படப் பெயர்த்தால், சொல்லில் உறையும் கணிப்பு மறைந்துவிடும். அகராதி தரும் முதற்பொருளோடு அமையாது, தொடர் தரும் பொருளையும் எண்ணிப் பெயர்த்தலே முறையாகும்.