கருவிக்கு இடும் கட்டளை

கடிதமொன்று ஊர்விட்டு ஊர் செல்லுதற்கு அஞ்சல் நிலையங்கள் வேண்டும். இணையத்தில் அப்பணியைப் புரிவன ரவுட்டர், சுவிட்ச் என்னும் கருவிகளாம். எச்செய்தி எவ்வழியே செல்லவேண்டும் என்ற விதிகளை ஒவ்வொரு கருவியிலும் பதித்தல் அவசியம். தொடக்க காலத்திலே பொறியியலாளர் கருவி ஒவ்வொன்றோடும் தனித்தனியே தொடர்பு கொண்டு, கட்டளைகளை வரிவரியாகத் தட்டச்சுச் செய்தனர். பத்துக் கருவிகளுக்கு அம்முறை போதும். பல்லாயிரம் கருவிகளுக்குப் போதுமா?

இணையம் விரைந்து வளரத் தொடங்கிய 1988ஆம் ஆண்டிலே, எஸ்.என்.எம்.பி. என்னும் எளிய முகாமைத்துவ நெறிமுறை வெளியாயிற்று. இடைக்கால ஏற்பாடாகக் கருதப்பட்ட அது நிலைபெற்றுவிட்டது. கருவியின் நலத்தை விசாரித்தறிய அது நன்கு உதவியது. கருவியின் அமைப்பை மாற்றுவதற்கோ அதனைக் கையாண்டோர் மிகச் சிலரே. ஏனையோர், மனிதர் தட்டுவதுபோலவே கட்டளைகளைத் தட்டும் சிறு நிரல்களை எழுதினர். ஆனால் கருவி தரும் விடை மனிதர் கண்ணுக்கென அமைந்தது. அதில் ஒரு சொல் இடம் மாறினும் நிரல் தடுமாறிற்று.

2002ஆம் ஆண்டு யூன் மாதத்தில், ஐக்கிய அமெரிக்காவின் வேர்ஜீனியா மாநிலத்து ரெஸ்டன் நகரிலே, வலையமைப்புகளை நடத்துவோரும் நெறிமுறைகளை வகுப்போரும் ஒன்றுகூடினர். கருவிக்கு இட்ட அமைப்பு வேறு, அதன் நடப்பு நிலை வேறு எனப் பிரித்துக் காட்டவேண்டும். அமைப்பைச் சேமித்து மீட்கும் வழி வேண்டும். பல கருவிகளில் ஒருங்கே மாற்றம் செய்யும் வசதி வேண்டும் என்று நடத்துவோர் கோரினர்.

2006 டிசெம்பரில் நெற்கொன்ஃப் என்னும் நெறிமுறை வெளிவந்தது. அதிலுள்ள விருப்பத்துக்குரிய வசதியொன்று குறிப்பிடத்தக்கது. புதிய அமைப்பை ஏற்ற கருவி, அனுப்பியவரின் உறுதிப்பாட்டுக்காகக் காத்திருக்கும். வழக்கமான தவணை 600 செக்கன், அதாவது பத்து நிமிடம். தவறான கட்டளையால் தொடர்பே அறுந்துபோயின் உறுதிப்பாடு வராது. கருவி தானாகவே பழைய அமைப்புக்கு மீளும். 2017 சனவரியில் வெளியான ரெஸ்ற்கொன்ஃப், இணையப் பக்கங்களைக் கேட்டுப் பெறும் அதே முறையில் இத்தகைய கட்டளைகளை அனுப்ப வழிசெய்தது. நிரல்கள் புகும் இவ்வாயிலை ஏ.பி.ஐ. என்பர். வாயில் கருவியிலேயே அமைந்திருப்பின், தொலைவிலுள்ள நிலையமொன்றை எதிர்பாராது, அருகிலிருக்கும் கணினியே கருவியை ஆளலாம்.

இவ்வளவு வளர்ச்சியின் பின்னரும் ஆபத்து நீங்கிவிடவில்லை. 2021 ஒக்டோபர் 4ஆந் திகதி, பேஸ்புக் நிறுவனத்தின் பராமரிப்பு வேலையின்போது இடப்பட்ட ஒரு கட்டளை, அதன் தரவு நிலையங்களுக்கிடையேயான தொடர்புகளைத் துண்டித்தது. பிழையான கட்டளையைத் தடுக்கவேண்டிய மென்பொருளிலும் குறை இருந்தது. தொலைவிலிருந்து திருத்தும் வழி அடைபட்டமையால், பொறியியலாளர் தரவு நிலையங்களுக்கு நேரிற் செல்ல நேர்ந்தது. சேவை ஏறக்குறைய ஆறு மணி நேரம் தடைப்பட்டது.

கையால் தட்டியவர் தவறினால் ஒரு கருவி முடங்கும்; நிரல் தவறினால் ஆயிரம் கருவிகள் ஒரே கணத்தில் முடங்கும். அதனாலேதான், இட்ட கட்டளையை மீளப்பெறும் வழியும், கருவியை அருகிலிருந்து அணுகும் வழியும், கட்டளையை விரைவாக அனுப்பும் வழியைப் போலவே இன்றியமையாதனவாகின்றன.