வாபஸ் வாங்கின மேல்முறையீடு: சிதம்பரம் கோயில் சொல்லும் பாடம்



போன வெள்ளிக்கிழமை பூஜை முடிஞ்சு அன்னதானக் கூடத்துல ஒரு அண்ணன் கேட்டார்: "கோர்ட்டுல போட்ட மேல்முறையீட்டை வாபஸ் வாங்கிட்டு வேற சட்ட வழியில போனா என்ன நஷ்டம்?" நல்ல கேள்வி. சிதம்பரம் நடராஜர் கோயில் வழக்கைப் பார்த்தா பதில் கிடைக்கும்.

1951 ஆகஸ்டில் அன்றைய சென்னை மாநில அரசு அந்தக் கோயில் நிர்வாகத்தைத் தன் கட்டுப்பாட்டில் கொண்டுவர ஓர் அறிவிப்பு வெளியிட்டது. பொது தீட்சிதர்கள் உயர் நீதிமன்றம் போனாங்க. அதே வருஷம் டிசம்பரில் தீர்ப்பு வந்தது. தீட்சிதர்கள் ஒரு தனி சமயப் பிரிவினர், இந்திய அரசியல் சட்டத்தின் 26ஆம் பிரிவு அவங்களுக்குப் பாதுகாப்பு தருதுன்னு சொல்லி, நீதிமன்றம் அரசு அறிவிப்பை ரத்து செய்தது.

அரசு விடல. டெல்லி உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போனது. ஆனா 1954 பிப்ரவரியில் அரசே அந்த அறிவிப்பை வாபஸ் வாங்கிக்கிச்சு. மேல்முறையீடும் அதோட தள்ளுபடி.

அப்புறம் 1959ல் புது அறநிலையத்துறைச் சட்டம் வந்தது. அதன் 45ஆம் பிரிவுப்படி 1987ல் நிர்வாக அதிகாரி நியமனம். மறுபடியும் வழக்கு, தடை, விசாரணை. 2009ல் உயர் நீதிமன்றம் அரசுப் பக்கம் தீர்ப்பு சொன்னது. "சட்டம் புதுசு, வழியும் புதுசு, ஜெயிச்சாச்சு"ன்னு தான் பலரும் நினைச்சிருப்பாங்க.

2014 ஜனவரி 6ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அதை மாத்திடுச்சு. 1951 தீர்ப்பு முடிவானது, அந்தத் தரப்புகளை அது இன்னும் கட்டுப்படுத்தும், தீட்சிதர்கள் தனி சமயப் பிரிவினரான்னு திரும்பக் கிளற முடியாதுன்னு சொன்னது. நிர்வாகத்துல குறை இருந்தா அரசு தலையிடலாம், ஆனா குறை தீர்ந்ததும் திருப்பிக் கொடுக்கணும், காலமெல்லாம் வச்சுக்க முடியாதுன்னும் சொன்னது.

அதாவது, அறுபது வருஷத்துக்கு முன்னால மேல்முறையீட்டைப் பாதியில விட்டதால, கீழே சொன்ன தீர்ப்பு அப்படியே உயிரோட நின்னுடுச்சு.

இதுல தீட்சிதர் சரியா, அரசு சரியான்னு பேச நாங்க வரல. அது அவங்கவங்க மனசு. நாங்க தொழிற்சாலையில வேலை செய்யறவங்க. ஒரு மிஷின்ல பழுது இருக்குன்னா, அதை அப்படியே விட்டுட்டு வேலையை அடுத்த லைனுக்கு மாத்தினா உற்பத்தி ஓடும், ஆனா பழுது அங்கேயே தான் இருக்கும். வாபஸும் அப்படித்தான்.

வாபஸ் வாங்கறது தப்புன்னு சொல்லல. சில நேரம் அதுவே புத்திசாலித்தனம், காசும் மிச்சம். ஆனா கையெழுத்துப் போடறதுக்கு முன்னால வக்கீல்கிட்ட ரெண்டு கேள்வி கேளுங்க. வாபஸ் வாங்கினா பழைய தீர்ப்பு நம்மைக் கட்டுமா? நாம போகப்போற புது வழியை அது அடைக்குமா?

கோயில் காரியத்துல இன்னைக்கு நாம போடற கையெழுத்துக்கு நம்ம பேரப்பிள்ளைங்க பதில் சொல்ற மாதிரி ஆகிடக்கூடாது. அடுத்த கூட்டத்துக்கு எல்லாரும் வாங்க, பொறுமையாப் பேசுவோம்.

திருச்சிற்றம்பலம்.