பாலமும் பாட்டாளியும்

கோபுரத்திலும் ஓவியத்திலும் அழகைக் காண்பது எளிது. எண்ணெய் படிந்த சக்கரத்திலும் இரும்புக் கயிற்றிலும் அழகுண்டு என்று கூறின் நகைப்போர் பலர். அன்னோர்க்குத் தக்க விடையாக ஒரு சினிமாப் படத்தையே எடுத்தளித்தவர், ஹாலந்து தேசத்து யோரிஸ் ஈவன்ஸ் என்பார்.

இவர் 1898-ஆம் ஆண்டில் நைமேகன் நகரில் பிறந்தவர். தந்தையார் புகைப்படக் கருவிகளை விற்கும் வணிகர். ஆதலின் காமிரா இவருக்கு இளமையிலேயே கைவந்த பொருளாயிற்று.

ராட்டர்டாம் துறைமுகத்தில் 1927-இல் ஓர் இரயில் பாலம் திறக்கப்பட்டது. கப்பல் வருங்கால் அதன் நடுப்பகுதி இரு இரும்புக் கோபுரங்களுக்கிடையே அப்படியே மேலெழும். அதற்கு ஈடான எடைகள் கீழிறங்கும். கப்பல் கடந்ததும் பாலம் தாழும்; காத்து நின்ற வண்டி செல்லும். நாள்தோறும் மக்கள் கண்டும் காணாதார் போல் கடந்த காட்சி இது. ஈவன்ஸோ சிறு காமிராவுடன் கோபுரத்தின் மீதேறினார். கயிறு ஓடுவதையும் சக்கரம் சுழல்வதையும் புகை எழுவதையும் தாளம் தவறாது கோத்தார். 1928-இல் "பாலம்" என்னும் ஊமைப் படம் பிறந்தது. அதில் கதையில்லை, காதலில்லை, நட்சத்திரங்களில்லை. எனினும் ஈவன்ஸின் பெயர் கலையுலகில் பரவிற்று.

ஆனால் அப்படத்தில் மனிதன் தோன்றுவது சிறிதே. இயந்திரத்தின் அழகைக் கண்ட கண், அதனை இயக்கும் கையைக் காணாதிருத்தல் கூடுமோ? 1931-இல் பிலிப்ஸ் ரேடியோத் தொழிற்சாலையைப் படமெடுக்கையில், கன்னம் புடைக்கக் கண்ணாடி ஊதும் தொழிலாளர் முகங்களை அருகில் நின்று காட்டினார். 1933-இல் பெல்ஜியம் சென்று, ஆன்றி ஸ்டோர்க் என்பாருடன் சேர்ந்து, வேலைநிறுத்தத்திற்குப் பின் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் பட்ட வறுமையைப் படமாக்கினார்.

யுத்தத்தின் இறுதிக் காலத்தில் ஹாலந்து அரசாங்கம் அவரைக் கிழக்கிந்தியத் தீவுகளின் சினிமா அதிகாரியாக நியமித்தது. 1945 ஆகஸ்டு 17-இல் இந்தோனேசியா சுதந்திரப் பிரகடனம் செய்தது. அதனை மீண்டும் அடிமை கொள்ள முனைந்த அரசுக்கு ஊழியம் செய்ய மனமின்றி, அவ்வாண்டு நவம்பரில் ஈவன்ஸ் பதவி துறந்தார். அப்பொழுது ஆஸ்திரேலியத் துறைமுகத் தொழிலாளர் டச்சுக் கப்பல்களில் சரக்கேற்ற மறுத்தனர். இந்தோனேசிய மாலுமிகளுடன் சீனரும் நம் இந்தியக் கப்பல் தொழிலாளரும் அம்மறுப்பிற் கலந்தனர். பிற நாட்டார் விடுதலைக்காகத் தம் கூலியை இழக்கத் துணிந்த அவர்களது ஒற்றுமையை 1946-இல் "இந்தோனேசியா அழைக்கிறது" என்ற படத்தில் அவர் நிலைநிறுத்தினார். தம் நாட்டு அரசின் சீற்றத்தையும் ஏற்றார்.

இரு படங்களிலும் துறைமுகமுண்டு, கப்பலுமுண்டு. முன்னதில் கப்பல் நகர்வது அழகு. பின்னதில் அது நகராது நிற்பதே அழகு. ஏனெனில் அதனை இயக்கும் கைகள் ஒன்றுபட்டு ஓய்ந்தன.

ஈவன்ஸ் 1989-இல் மறைந்தார். 1993-இல் அப்பாலத்தில் இரயில் ஓட்டமும் நின்றது. ஆயினும் அது நினைவுச் சின்னமாய் இன்றும் நிற்கிறது. சக்கரத்தின் அழகைப் போற்றுவோம். அதனைச் சுழற்றுபவனை மறவாதிருப்பதே முழுமையான கலையாகும்.